கிபிரும் வண்டும் ஒரே கடைச் சாமான்

வடக்கு கிழக்கில் 'கிபிர்' என்ற சொல்லுக்கு ஒருத்தரும் அகராதி பார்க்கத் தேவையில்லை. போர் முடிந்த பிறகு பிறந்த பிள்ளைகளுக்கும் அம்மம்மாமாரின் கதைகளுக்குள்ளால் அது வந்து சேர்ந்திருக்கிறது. வன்னியில் கடைசிவரை நின்றவர்களிடம் கேட்டால் இன்னொரு சொல்லும் சொல்லுவார்கள்: 'வண்டு'. பகல் இரவு எண்டில்லாமல் தலைக்கு மேலே இரைந்துகொண்டு சுற்றிய ஆளில்லா வேவு விமானத்துக்குச் சனம் வைத்த பெயர் அது.

கிபிரைச் செய்த கம்பனிதான், கடைசிக் காலத்தில் வன்னி வானத்தில் சுற்றிய 'சேர்ச்சர்' வண்டையும் செய்தது. இஸ்ரேல் ஏரோஸ்பேஸ் இண்டஸ்ட்ரீஸ், சுருக்கமாக ஐ.ஏ.ஐ. இஸ்ரேல் அரசுக்குச் சொந்தமான கம்பனி. இதை ஏதோ பொது அறிவுப் போட்டிக் கேள்வி மாதிரிக் கடந்து போக ஏலாது. ஏனெண்டால் இப்ப எங்கட பெடியள் பெட்டையளில் கொஞ்சப் பேர் அந்தக் கடையின் விளம்பரத்தைக் காசு வாங்காமல் ஒட்டிக்கொண்டு திரிகிறார்கள்.

அந்த வீடியோக்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள். மேலேயிருந்து எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். நடுவில் ஒரு குறுக்குக் கோடு. பின்னணியில் அடிபோடுகிற இசை. கொஞ்ச நேரத்தில் சத்தமில்லாமல் ஒரு வெள்ளைப் புகை. கீழே கொமென்ற்: "மாஸ்", "வேற லெவல் டெக்னோலஜி", "சின்ன நாடு, ஆனா மூளையைப் பார்". படத்தில் குறுக்குக் கோட்டுக்குக் கீழே நிற்கிற ஆள் யார் எண்டு ஒருத்தரும் கேட்பதில்லை. 2009இல் அந்தக் கோட்டுக்குக் கீழே நின்றவர்களின் பிள்ளைகளும் கேட்பதில்லை. அதுதான் என்னை எழுத வைத்தது.

நான் சொல்ல வருவது ஒன்றுதான். ட்ரோன் செய்கிற கம்பனி விற்பது கண்ணை. "எங்கட சாமான் எல்லாத்தையும் தெளிவாப் பாக்கும்" என்பதுதான் அதன் வியாபாரப் பேச்சு. அப்படியெண்டால் அந்தக் கண்ணை வாங்கியவனும் விற்றவனும் பிறகு வந்து "எங்களுக்குத் தெரியாமப் போச்சு" எண்டு சொல்ல ஏலாது. பார்த்ததைக் காட்டு எண்டு கேட்கிற உரிமை கீழே நின்றவர்களுக்கு இருக்கிறது.

கடையின் கதை

ஐ.ஏ.ஐ. 1953இல் 'பெடெக்' என்ற பெயரில் விமானம் திருத்துகிற நிறுவனமாகத் தொடங்கியது. 1967 போருக்குப் பிறகு பிரான்ஸ் தன் மிராஜ் விமானங்களை இஸ்ரேலுக்குக் கொடுக்க மறுத்தது. அந்த வடிவத்தை வைத்துத் தாங்களே விமானம் செய்ய இறங்கினார்கள். அமெரிக்க ஜெனரல் எலெக்ட்ரிக் எஞ்சின் பூட்டி, 1970களில் வெளியே வந்ததுதான் கிபிர். எபிரேய மொழியில் அதற்குச் சிங்கக்குட்டி எண்டு பொருள். சிங்கக் கொடி பறக்கிற எங்கள் நாட்டுக்கு அது 1996இல் வந்து சேர்ந்தது. 2006 ஓகஸ்ட் 14 அன்று வள்ளிபுனம் செஞ்சோலை வளாகத்தில் குண்டு போட்டு 50க்கும் மேற்பட்ட இளம் பெண்களைக் கொன்றது கிபிர்தான்.

ட்ரோன் கதையும் அதே காலத்தில்தான் தொடங்குகிறது. 1973 போரில் எகிப்தினதும் சிரியாவினதும் ஏவுகணைகளுக்கு இஸ்ரேல் நிறைய விமானங்களையும் விமானிகளையும் இழந்தது. விமானியை அனுப்பாமல் மேலேயிருந்து பார்க்க வழி தேடினார்கள். ஐ.ஏ.ஐ. செய்த 'ஸ்கவுட்' அப்படி வந்தது. 1982இல் லெபனானின் பெக்கா பள்ளத்தாக்கில் சிரியாவின் ஏவுகணைத் தளங்களைக் கண்டுபிடித்துக் கொடுத்தவற்றில் அதுவும் ஒன்று. உலகம் முழுக்க இராணுவங்கள் அதைக் கவனித்தன. அமெரிக்கக் கடற்படையே பிறகு ஐ.ஏ.ஐ.யோடு சேர்ந்து உருவான 'பயனியர்' ட்ரோனை வாங்கியது.

இலங்கை விமானப்படையிடம் ஸ்கவுட்டும் கிபிர் வந்த காலத்திலேயே வந்தது. இடையில் இன்னொரு இஸ்ரேலியக் கம்பனியின் 'புளூ ஹொரைசன்' வந்தது. நாலாம் ஈழப்போர் தொடங்குகிற நேரம் ஐ.ஏ.ஐ.யின் 'சேர்ச்சர்' வந்தது. இறக்கையின் அகலம் கிட்டத்தட்ட 8.5 மீற்றர். ஒருமுறை எழும்பினால் 15 மணித்தியாலத்துக்கு மேல் வானத்தில் நிற்கக்கூடியது. பின்பக்கம் ஒரு சின்ன எஞ்சினும் காற்றாடியும். வண்டு மாதிரி இரைச்சல் வந்தது அதிலிருந்துதான்.

சுடாத வண்டு எப்பிடிக் கொல்லும்?

சேர்ச்சரில் குண்டும் இல்லை, ஏவுகணையும் இல்லை. கமராதான். இதைப் பிடித்துக்கொண்டு "அது வெறும் வேவு விமானம், ஆரையும் கொல்லேல்லையே" எண்டு கதைக்கிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு 1991 வளைகுடாப் போரிலிருந்து ஒரு சம்பவம்.

குவைத்துக்குப் பக்கத்தில் ஃபைலக்கா என்ற தீவு. அங்கே ஈராக் படையினர் நிலைகொண்டிருந்தார்கள். அமெரிக்கப் போர்க்கப்பல் ஒன்று, மேலே சொன்ன பயனியர் ட்ரோனை அனுப்பிப் பார்த்துப் பார்த்துத் தன் பெரிய பீரங்கிகளால் அடித்துக்கொண்டிருந்தது. ஒருநாள் ட்ரோனின் சத்தம் கேட்டதுமே கீழே நின்ற படையினர் வெளியே வந்து, வெள்ளைத் துணிகளைக் காட்டி, அந்த மெஷினிடம் சரணடைந்தார்கள். ஆளில்லாத ஒரு சாமானைப் பார்த்து மனிதர்கள் கை தூக்கியதாகப் பதிவான முதல் சம்பவம் எண்டு அதைச் சொல்லுவார்கள். கம்பனிக்காரருக்கு இது பெருமைக் கதை. ஆனால் அந்தச் சிப்பாய்கள் எதைக் கண்டு பயந்தார்கள்? ட்ரோனுக்குப் பின்னால் என்ன வரும் எண்டு அனுபவத்தில் தெரிந்திருந்தது. சுடுகிற குழலும் பார்க்கிற கண்ணும் ஒரே ஆயுதத்தின் இரண்டு துண்டுகள் எண்டது அவர்களுக்கு விளங்கியிருந்தது.

வன்னிச் சனத்துக்கும் அதே பாடம் விளங்கியிருந்தது. வண்டு சுத்தினால் கொஞ்சத்தால ஷெல் வரும், இல்லாட்டிக் கிபிர் வரும். அவர்களிடம் ராடர் இருக்கவில்லை, காதுதான் இருந்தது. வண்டுச் சத்தம் கேட்டால் அடுப்பை அணைக்கிற, உடுப்புக் கொடியைக் கழட்டுகிற, பிள்ளையளைப் பங்கருக்குள் தள்ளுகிற ஒழுங்கை அவர்களே பழகிக்கொண்டார்கள். சிப்பாய் கையைத் தூக்கினால் சரணடைந்தான் எண்டு எடுத்துக்கொள்ளலாம். தறப்பாள் கொட்டிலுக்குள் இருக்கிற சனம் வண்டுக்கு எதைத் தூக்கிக் காட்டுவது?

கண் எண்ணிய கணக்கு

இனி இந்தக் கண் எதைப் பார்த்தது, அதன் சொந்தக்காரர் எதைச் சொன்னார்கள் எண்டு பாருங்கோ.

2009 ஜனவரி 20ஐ ஒட்டி அரசாங்கம் முதலாவது பாதுகாப்பு வலயத்தை அறிவித்தது. பிறகு பெப்ரவரியில் ஒன்று, மே மாதத்தில் இன்னொன்று. ஐ.நா. செயலாளர் நாயகம் நியமித்த நிபுணர் குழு 2011இல் வெளியிட்ட அறிக்கை, மூன்று வலயங்களுக்குள்ளும் அரசபடை ஷெல் அடித்தது எண்டு நம்பத்தகுந்த குற்றச்சாட்டுகள் இருப்பதாகச் சொல்கிறது. வன்னியின் ஆஸ்பத்திரிகள் எல்லாமே அடிபட்டன, சில திரும்பத் திரும்ப அடிபட்டன, அவை இருந்த இடங்கள் அரசாங்கத்துக்கு நன்றாகத் தெரிந்திருந்தும் அடிபட்டன எண்டும் சொல்கிறது. 2008 டிசம்பருக்குப் பிறகு ஆஸ்பத்திரிகள் மீது குறைந்தது 30 தாக்குதல்கள் நடந்ததாக ஹியூமன் ரைட்ஸ் வொட்ச் 2009 மே மாதத்திலேயே எழுதியது.

சனத்தின் எண்ணிக்கையை எடுங்கோ. 2009இன் தொடக்கத்தில் புலிகளின் பகுதியில் கிட்டத்தட்ட 70,000 பேர்தான் இருக்கிறார்கள் எண்டு அரசாங்கம் சொன்னது. சாப்பாடும் மருந்தும் அந்தக் கணக்கில்தான் போனது. முடிவில் மெனிக் பாம் போன்ற முகாம்களுக்குள் அடைக்கப்பட்டவர்கள் 2 இலட்சத்து 80 ஆயிரத்துக்கும் மேல். ஏப்ரல் கடைசியில் அப்போதைய ஜனாதிபதி வெளிநாட்டுத் தொலைக்காட்சிக்குச் சொன்ன கணக்கு 5,000, கூடிப்போனால் 10,000. அதே நேரம் ஐ.நா.வின் கணக்கு 1 இலட்சத்து 20 ஆயிரத்துக்கும் மேல்.

ஒரு மோட்டார் சைக்கிள் எந்த ஒழுங்கையால் போகிறது எண்டு பார்க்கக்கூடிய கண் எண்டு சொல்லித்தான் இந்தச் சாமானை விற்கிறார்கள். சில சதுரக் கிலோமீற்றர் மணல் நிலத்தில் தறப்பாளுக்குத் தறப்பாள் முட்டிக்கொண்டு நின்ற இலட்சம் சனத்தை அந்தக் கண் காணவில்லையாம். ஒன்று, கண் விற்றவன் பொய் சொன்னான். இல்லாட்டி, கண் வாங்கியவன் பொய் சொன்னான். சாமான் நன்றாகத்தான் வேலை செய்தது எண்டு நாங்கள் நம்பலாம். ஏனெண்டால் ஏப்ரல் 20 அன்று புதுமாத்தளனில் மண் அணை உடைக்கப்பட்டு ஆயிரக்கணக்கில் சனம் வெளியேறியபோது, அதே வண்டு எடுத்த படம் தொலைக்காட்சியில் திரும்பத் திரும்பப் போனது. மணலில் ஓடுகிற புள்ளிப் புள்ளியான மனிதர்களை நாடு முழுக்கப் பார்த்தது. அண்டைக்குக் கண் நன்றாகத் தெரிந்தது. அதற்கு முந்தின நாட்களின் படம் எங்கே?

இரண்டு வானம், ஒரே மாதம்

அந்த ஜனவரியில் இன்னொரு வானத்திலும் இரைச்சல் கேட்டது. 2008 டிசம்பர் 27 தொடக்கம் 2009 ஜனவரி 18 வரை காசா மீது இஸ்ரேல் போர் நடத்தியது. அது நின்ற இரண்டொரு நாளில்தான் இங்கே முதலாவது பாதுகாப்பு வலயம் அறிவிக்கப்பட்டது. காசாச் சனம் ட்ரோனுக்கு வைத்த பெயர் 'ஸனானா'. இரைகிறது எண்டு பொருள். ஒருவரையொருவர் தெரியாத இரண்டு சனம், இரண்டு பாஷையில், ஒரே சத்தத்துக்கு ஒரே மாதிரிப் பெயர் வைத்திருக்கிறது.

காசா மேலே பறந்தவற்றில் எல்பிட் கம்பனியின் ஹேர்மஸும் ஐ.ஏ.ஐ.யின் ஹெரோனும் முக்கியமானவை. அந்தப் போரில் ட்ரோன் ஏவுகணைகள் விழுந்த 6 சம்பவங்களை ஹியூமன் ரைட்ஸ் வொட்ச் விசாரித்தது. இறந்தவர்கள் 29 பொதுமக்கள், அதில் 8 பேர் சிறுவர்கள். அந்த அறிக்கையின் வாதத்தைக் கவனியுங்கோ. ட்ரோனின் கமரா அவ்வளவு தெளிவானது, ஓப்பரேட்டருக்குப் பார்த்து முடிவெடுக்க நேரம் இருந்தது, கடைசி நேரத்தில்கூட ஏவுகணையைத் திசை திருப்ப முடியும், ஆகவே இந்தச் சாவுகளைத் தவறுதல் எண்டு தள்ளிவிட ஏலாது என்பதுதான் அது. கம்பனியின் விளம்பரப் பெருமை இங்கே அப்படியே குற்றப்பத்திரிகையாக மாறுகிறது.

இஸ்ரேல் தன்னிடம் ஏவுகணை சுடுகிற ட்ரோன்கள் இருப்பதாக எழுதுவதற்கே 2022 ஜூலை வரை தன் ஊடகங்களுக்கு இராணுவத் தணிக்கை அனுமதி கொடுக்கவில்லை. 13 வருடமாகக் காசாவில் பிள்ளைகளுக்கே தெரிந்த விசயம் சட்டப்படி இரகசியமாக இருந்தது. அதே நேரம் ஆயுதக் கண்காட்சிகளில் இந்தக் கம்பனிகள் 'போரில் நிரூபிக்கப்பட்டது' என்ற சொல்லை வைத்துத்தான் விற்றன. நிரூபித்தது ஆருக்கு மேலே? அந்த இரண்டு சொல்லுக்குள் காசாவும் இருக்கிறது, புதுக்குடியிருப்பும் இருக்கிறது.

சொல்லப்படுகிற நியாயங்கள்

"டெக்னோலஜி எண்டது கத்தி மாதிரி. மரக்கறியும் வெட்டலாம், ஆளையும் வெட்டலாம். செய்தவன் என்ன செய்வான்?" இதை ஏ.எல். மற்ஸ் பெடியளிலிருந்து கம்பஸ் விரிவுரையாளர்வரை சொல்லுகிறார்கள். கத்தி விற்கிற கடைக்காரர் நீங்கள் போன பிறகு உங்களை நினைக்க மாட்டார். ட்ரோன் விற்கிற கம்பனி அப்படியில்லை. ஓட்டப் பழக்குகிறது, உதிரிப்பாகம் அனுப்புகிறது, பழுதானால் திருத்துகிறது, புதுக் கமரா வந்தால் மாற்றிக் கொடுக்கிறது. ஏற்றுமதிக்கு அரசாங்கத்தின் அனுமதி வேறு. அந்தக் கம்பனியே அந்த அரசாங்கத்தின் சொத்து. எந்தக் கிழமையாவது "இனி உதிரிப்பாகம் இல்லை" எண்டு ஒரு கடிதம் போட்டிருந்தால் வண்டு தரையில் நின்றிருக்கும். அடுத்த வீட்டுக்காரன் பெண்சாதியை வெட்டிக்கொண்டிருக்கும்போது கத்தியைத் தீட்டிக் கொடுத்துக்கொண்டிருக்கிறவனை நாங்கள் கடைக்காரன் எண்டு சொல்ல மாட்டோம்.

"சனத்தைக் கேடயமாக வைத்திருந்தது மற்றப் பக்கம்தானே?" ஆம், புலிகள் சனத்தை வெளியேற விடவில்லை, வெளியேறப் பார்த்தவர்களைச் சுட்டார்கள், பிள்ளைகளைக் கட்டாயமாகப் பிடித்தார்கள். அதே ஐ.நா. நிபுணர் குழு அதையும் எழுதியிருக்கிறது, எங்கட வீடுகளிலும் அது கதைக்கப்படுகிறது. அதை மூடி மறைக்கிற எழுத்து இதில்லை. ஆனால் அந்த உண்மை ட்ரோன்காரனைக் காப்பாற்றாது. கேடயம் எண்டு தெரிந்தால் கேடயமாக நிற்கிறது மனிசர் எண்டும் தெரியும். மேலேயிருந்து அதைப் பார்த்துக்கொண்டே ஆட்லறிக்கு இலக்குக் கொடுப்பவனின் பொறுப்பு கூடுமே தவிரக் குறையாது.

"இஸ்ரேலைப் பார். சுத்திவர எதிரி. சின்ன நாடு. எப்பிடி எழும்பி நிக்குது. எங்களுக்கும் அப்பிடி ஒண்டு இருந்திருந்தா..." இதுதான் எங்களுக்குள் ஆழமாக ஓடுகிற கதை. ஊரிலும் உண்டு, புலம்பெயர் நாடுகளிலும் உண்டு. நாடற்றுத் திரிந்த யூதர்கள் நாடு எடுத்தார்கள், நாங்களும் எடுப்போம் என்ற கனவுக்குள் இஸ்ரேலை மாமன் மச்சான் மாதிரி வைத்துக்கொண்டிருக்கிறோம். அந்த மச்சான் எங்களுக்கு அனுப்பியது கிபிரும் வண்டும். கொழும்பிடம் காசு இருந்தது, கொழும்புக்கு விற்றார்கள். நாளைக்கு இன்னொருத்தரிடம் காசு இருந்தால் அவருக்கும் விற்பார்கள்.

இந்த ரசிப்புக்குள் இன்னொரு நஞ்சும் இருக்கிறது. காசாவில் சாகிறவர்கள் முஸ்லிம்கள் எண்டபடியால் எங்களில் சிலருக்கு அந்தப் புகைப் படம் இனிக்கிறது. 1990இல் வடக்கிலிருந்து முஸ்லிம்களை இரண்டு மணித்தியாலத்தில், சில இடங்களில் இரண்டு நாளில், வெளியேற்றிய வரலாற்றை இன்னும் நேராகப் பார்க்காத சமூகம் நாங்கள். அந்தப் பார்க்காமையின் மிச்சம்தான் இந்தச் சிரிப்பு ஸ்மைலிகள். முள்ளிவாய்க்கால் கஞ்சியை மே மாதத்தில் காய்ச்சிவிட்டு ஜூனில் காசா ட்ரோன் வீடியோவுக்கு நெருப்பு எமோஜி போடுகிறவருக்கு, அந்தக் கஞ்சி எதற்கெண்டு யாராவது இருந்து விளங்கப்படுத்த வேண்டும்.

கடைக்கு எதிரி எண்டு ஒருத்தரும் இல்லை

"இது இஸ்ரேல் எதிர்ப்புக் கதை" எண்டு சுருக்குகிறவர்களுக்காக மற்ற வாடிக்கையாளர்களையும் பார்ப்போம். 2008 ஜோர்ஜியப் போரில் ட்ரோன் விசயத்தில் தான் பின்தங்கி நிற்பதை ரஷ்யா கண்டுகொண்டது. அதற்குப் பிறகு ஐ.ஏ.ஐ.யிடம் போய் சேர்ச்சரை வாங்கி, உரிமம் எடுத்துத் தன் நாட்டிலேயே 'ஃபொர்போஸ்ற்' என்ற பெயரில் பொருத்தியது. அதிலிருந்து வளர்த்தெடுத்த ஆயுதம் தாங்கிய வடிவம் 2022இல் உக்ரேனில் குண்டு போட்டதை ரஷ்யப் பாதுகாப்பு அமைச்சே வீடியோவாக வெளியிட்டது. வன்னி மேலே சுற்றிய வண்டின் சொந்தக்காரத் தம்பி அது.

ஹெரோன் 2021 மே மாதத்திலிருந்து மால்டாவில் இருந்து எழும்பி, ஐரோப்பிய எல்லைக் காவல் அமைப்பான ஃபுரொண்டெக்ஸுக்காக மத்தியதரைக் கடல் மேலே பறக்கிறது. அங்கே அது ஆரையும் சுடவில்லை. அகதிப் படகுகளைக் காண்கிறது. அந்தத் தகவல் லிபியக் கரையோரக் காவலர்களுக்குப் போய், படகில் இருந்தவர்கள் தப்பி வந்த தடுப்பு முகாம்களுக்கே திருப்பிக் கொண்டுபோகப்படுகிறார்கள் எண்டு ஹியூமன் ரைட்ஸ் வொட்ச்சும் போர்டர் ஃபொரென்சிக்ஸும் சேர்ந்து 2022இல் ஆராய்ந்து எழுதின. கப்பலேறிப் போன எங்கட சனத்துக்கு இதை விளங்கப்படுத்தத் தேவையில்லை. பார்ப்பது மட்டும்தான் வேலை எண்டு சொல்லுகிற சாமான் இங்கேயும் மனிதரைப் பிடித்துக் கொடுக்கிறது.

2024இல் இஸ்ரேலின் ஆயுத ஏற்றுமதி 1,480 கோடி டொலர். அதுவரை இருந்ததில் ஆகக் கூடியது. ஐ.ஏ.ஐ.யின் விற்பனை மட்டும் 600 கோடி டொலருக்கு மேல். காசா இடிந்துகொண்டிருந்த வருடத்தில் வந்த கணக்கு இது.

பில் எங்களுக்கு

"நடந்தது நடந்து போச்சு, இது பழைய கதை" எண்டு நினைக்கிறவர்களுக்கு ஒரு புதுக் கதை. 2021 ஜூனில் இலங்கைப் பாதுகாப்பு அமைச்சும் ஐ.ஏ.ஐ.யும் 5 கோடி டொலர் ஒப்பந்தம் ஒன்றை அறிவித்தன. தரையில் நின்ற கிபிர்களை நவீனப்படுத்தித் திரும்பப் பறக்க வைக்கிற வேலை. 5 விமானங்கள். யாரோடு சண்டை பிடிக்க? அதுக்குப் பதில் இல்லை. 2021 எண்டால் டொலர் முடிந்துகொண்டிருந்த வருடம். அடுத்த ஏப்ரலில் நாடு கடன் கட்ட ஏலாது எண்டு கை விரித்தது. காஸ் சிலிண்டருக்கும் பெற்றோலுக்கும் வரிசையில் நின்றபோது சிங்களவரும் தமிழரும் முஸ்லிம்களும் ஒன்றாகத்தான் நின்றார்கள். அந்தச் சிங்கக்குட்டிகளுக்கான பில் எங்கள் எல்லோருடைய பெயரிலும்தான் எழுதப்பட்டிருக்கிறது. காலிமுகத்திடலில் 2022இல் நின்ற தெற்கு நண்பர்களோடு கதைக்க இதைவிட நல்ல இடம் வேறு இல்லை. பாதுகாப்புச் செலவைக் கேள்வி கேட்பது தமிழனின் வேலை மட்டும் எண்டு விட்டால் ஒன்றும் நகராது.

பார்த்ததைக் காட்டு

சேர்ச்சர் எடுத்தது நேரலைப் படம். அதைத் தளபதிகள் திரையில் பார்த்துத்தான் போரை நடத்தினார்கள், அதைப் பெருமையாகப் பிறகு சொல்லவும் செய்தார்கள். தங்களுக்கு வசதியான துண்டுகளை வெட்டி ஊடகங்களுக்கும் கொடுத்தார்கள். 2009 ஜனவரியிலிருந்து மே 18 வரை எடுத்த முழுப் பதிவும் இன்றுவரை மக்கள் முன்னால் வைக்கப்படவில்லை.

அந்தப் பதிவு ஏன் வேண்டும்? கிளிநொச்சியில் 2017 பெப்ரவரி 20ஆம் திகதி தொடங்கி வீதியில் இருக்கிற அம்மாமாரைக் கேளுங்கோ. வட்டுவாகலில் தங்கட கையால பிள்ளையை இராணுவத்திடம் ஒப்படைத்தோம் எண்டு சொல்லுகிறவர்கள் அதில் இருக்கிறார்கள். அந்த நாட்களில் வட்டுவாகல் மேலே வானம் வெறுமையாக இருந்திருக்காது. பஸ்ஸில் ஏறியவர்கள், பஸ் போன திசை, எங்கே நின்றது எண்டெல்லாம் மேலேயிருந்து பார்க்கக்கூடியவை. காணாமல் ஆக்கப்பட்டோர் அலுவலகம் அம்மாமாரிடம் சாட்சி கேட்கிறது. படிவம் நிரப்பச் சொல்கிறது. விமானப்படையிடம் அந்தப் படங்களைக் கேட்கட்டும். மனிதர்களின் நினைவைச் சந்தேகப்படுகிற அரசாங்கம் தன் கமராவின் நினைவை வெளியே எடுக்கட்டும். அழிந்துபோனது எண்டால், ஆர் எப்போது ஏன் அழித்தார் எண்டு எழுத்தில் தரட்டும்.

தேசிய பாதுகாப்பு எண்டு சொல்லி மறுப்பார்கள் எண்டு தெரியும். 2016இன் தகவல் அறியும் சட்டத்திலேயே அந்த ஓட்டை இருக்கிறது. மறுப்பும் ஒரு ஆவணம்தான். ஒவ்வொரு மாவட்டத்திலிருந்தும் விண்ணப்பம் போனால் ஒவ்வொரு மறுப்பும் கடிதமாகச் சேரும். ஐ.நா. மனித உரிமைகள் அலுவலகம் 2021இலிருந்து இலங்கை பற்றிய சாட்சியங்களைச் சேர்த்துவருகிறது. அங்கே அந்தக் கடிதங்களுக்கும் இடம் உண்டு.

கம்பனியிடமும் கேட்கலாம். பழக்கியது ஆர், திருத்தியது எப்போது, 2009இன் முதல் ஐந்து மாதத்தில் என்னென்ன உதிரிப்பாகம் அனுப்பப்பட்டது? இது நடக்காத காரியம் எண்டு நினைக்க வேண்டாம். எய்தாய் மாக் போன்ற இஸ்ரேலிய வழக்கறிஞர்கள் ருவாண்டாவுக்கும் மியன்மாருக்கும் தங்கள் நாடு விற்ற ஆயுதங்களைப் பற்றி அங்கேயே நீதிமன்றம் ஏறியிருக்கிறார்கள். பெரும்பாலும் தோற்றிருக்கிறார்கள். கேள்வி பதிவாகியிருக்கிறது. அவர்களுக்கு ஒரு கடிதம் எழுத எங்களுக்கு விசா தேவையில்லை.

எஞ்சினியரிங் படிக்கிற, படிக்கப்போகிற தம்பி தங்கச்சிமாருக்கும் ஒன்று சொல்ல வேண்டும். ட்ரோன் செய்யப் பழகுங்கோ. வெள்ளம் வந்தால் ஆர் கூரையில் நிற்கிறார் எண்டு பார்க்க அது தேவை. வயலுக்கு மருந்தடிக்கவும், கண்ணிவெடி கிடக்கிற நிலத்தை அளக்கவும் அது உதவும். செய்கிற சாமானின் கமராவுக்குக் கீழே ஆர் நிற்கிறார், அந்தப் படம் ஆருடைய மேசைக்குப் போகிறது என்ற இரண்டு கேள்வியையும் சர்க்கிட் படத்தோடு சேர்த்துப் படியுங்கோ. அந்தப் பாடத்தை எந்தக் கம்பஸிலும் தனியாக வைக்க மாட்டார்கள்.

அடுத்த முறை அந்தக் கறுப்பு வெள்ளை வீடியோ உங்கள் போனில் வந்தால் ஷெயர் பண்ண முதல் உங்கள் வீட்டில் வன்னியில் இருந்தவரிடம் ஒருக்காக் காட்டுங்கோ. "இது எங்கட ஊர் மாதிரிக் கிடக்கு" எண்டு அவர் சொன்னால், அதுக்கு என்ன எமோஜி போடுகிறது எண்டு பிறகு யோசிப்போம்.